'தீர்வழி முடித்தல்': ஒரு சொல் முன்மொழிவு

நண்பர்களுக்கு வணக்கம்.

உயர் நீதிமன்றத்துக்குப் போகும் முன், சட்டம் தந்திருக்கும் மற்ற வழிகளில் முயன்று பார்த்திருக்க வேண்டும் என்ற நெறிக்கு (ஆங்கிலத்தில் exhaustion of remedies) 'பரிகாரம் தீர்தல்', 'தீர்வழி தீர்த்தல்' என்று இரண்டு தமிழ்ச் சொற்களை நண்பர்கள் முன்வைத்திருக்கிறார்கள். தீர்வழி என்பது remedy, அதாவது குறையைத் தீர்த்துக்கொள்ளச் சட்டம் தரும் வழி. இரண்டையும் ஏற்க எனக்கு மனம் வரவில்லை. பரிகாரம் என்றால் எங்கள் கிருஷ்ணகிரிப் பக்கம் கோயிலும் ஜாதகமும்தான் நினைவுக்கு வரும். தீர்த்தலில் சிக்கல் இன்னும் பெரிது. 'வழக்கு தீர்ந்தது' என்றால் நியாயம் கிடைத்துவிட்டது. 'அரிசி தீர்ந்தது' என்றால் மிச்சமில்லை. நமக்கு வேண்டியது இரண்டாவது பொருள், காதில் விழுவதோ முதலாவது.

போச்சம்பள்ளிப் பக்கத்து மாந்தோப்புக்காரர் ஒருவர், பட்டா மாறுதல் மறுக்கப்பட்டதும் நேரே சென்னைக்குப் போய் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரியின் உத்தரவை எதிர்த்து நேரடியாகப் போடும் மனு) போட்டார். தள்ளுபடி. உத்தரவை மகன் கைபேசியில் மொழிபெயர்த்துக் காட்ட, 'மாற்றுப் பரிகாரங்கள் களைப்படையவில்லை' என்று வந்திருக்கிறது; exhausted என்ற சொல்லுக்குக் களைத்தல் என்ற பொருளும் உண்டல்லவா. மடித்து மடித்துக் கிழியும் நிலையில் இருந்த அந்தத் தாளை என் மேசையில் விரித்து, "நடந்து நடந்து நான்தானுங்க களைச்சிருக்கேன்" என்றார்.

அவர் செய்திருக்க வேண்டியது, 1983ஆம் ஆண்டுப் பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி வட்டாட்சியர் உத்தரவின் மேல் கோட்டாட்சியரிடம் (ஆர்.டி.ஓ.) மேல்முறையீடு. அப்புறம் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. இதை அலுவலக வாசலில் எப்படிக் கேட்கிறார்கள்? "ஆர்.டி.ஓ.கிட்ட முடிச்சிட்டீங்களா?" சொல் ஏற்கெனவே வாயில் இருக்கிறது. அதனால் என் முன்மொழிவு: தீர்வழி முடித்தல். 'முடிப்பு' என்று சுருக்க வேண்டாம், பண முடிப்பு குறுக்கே வரும்.

'மாற்று' என்ற அடைமொழியையும் நான் சேர்க்கவில்லை. மாற்று என்றால் இது இல்லாவிட்டால் அது என்று விருப்பம்போல் எடுத்துக்கொள்ளலாம் என்றாகிறது. நீதிமன்றம் கேட்பது முதலில் போக வேண்டிய வழியை. தேவைப்படும் இடத்தில் 'முன் தீர்வழி' எனலாம்.

ஒருவர் இந்த நெறியைத் 'தடை' என்று எழுதியிருந்தார். தயவுசெய்து வேண்டாம். ரிட் மனுவை விசாரிக்க உயர் நீதிமன்றத்துக்கு அரசமைப்பின் 226ஆம் பிரிவு தரும் அதிகாரம் அப்படியேதான் இருக்கிறது; நீதிமன்றம் தனக்குத் தானே வைத்துக்கொண்ட கட்டுப்பாடு இது. அடிப்படை உரிமை மீறல், விளக்கம் கேட்காமலே பிறப்பித்த உத்தரவு, அதிகாரமே இல்லாத அதிகாரி, சட்டமே செல்லாது என்ற வாதம் என்று விலக்குகளை 1998இல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் எடுத்துச் சொல்லியிருக்கிறது. தடை என்று எழுதிவிட்டால், நோட்டீஸே வராமல் நிலம் இழந்தவரும் கதவு சாத்தியிருக்கிறது என்று திரும்பிப் போய்விடுவார். 'தீர்வழி முடித்தல் நெறி' என்பதே சரி.

எதிர்மறையில் மட்டும் கவனம் வேண்டும். 'முடியாமை' என்றால் இயலாமை ஆகிவிடும். 'தீர்வழி முடிக்காமை' என்றே எழுதுவோம்.