கோர்ட் ஏலத்தில் போன வயல்: விதி 89-ஆ, விதி 90-ஆ?

அம்பாசமுத்திரம் பக்கம் அப்பாவுக்கு ஒன்றரை ஏக்கர் நஞ்சை, தாமிரபரணிக் கால்வாய்ப் பாசனம். வாழை போட புரோநோட்டில் வாங்கிய கடன். காற்றில் வாழை சாய்ந்தது, வட்டி ஏறியது, கடன் கொடுத்தவர் கோர்ட்டில் டிகிரி (கடனை வசூலிக்கத் தீர்ப்பு) வாங்கிவிட்டார். போன மாதம் முழு வயலும் ஏலத்தில் போய்விட்டது. விற்பனையைக் கோர்ட் இன்னும் உறுதி செய்யவில்லை.

கடனுக்கு அரை ஏக்கரே போதும். கடனைத் தீர்க்கத் தேவையான அளவை மட்டும் விற்க வேண்டும் என்றுதான் சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆர்டர் 21 விதி 64 சொல்கிறது. ஏல அறிவிப்புக்கு முன் அப்பாவுக்கு நோட்டீஸும் வரவில்லை. இதையெல்லாம் சொல்லி, ஏலம் முறைப்படி நடக்கவில்லை, விற்பனையை ரத்து செய்யுங்கள் என்று விதி 90-இல் மனு போட்டிருக்கிறோம். ஏலம் எடுத்தவரிடம் ஊர்ப் பெரியவர்களை வைத்துப் பேசினோம், பிடிகொடுக்கவில்லை. இலவச சட்ட உதவி மையத்திலும் கேட்டாயிற்று.

இப்போது கல்லிடைக்குறிச்சி சித்தப்பா நகையை அடகு வைத்துப் பணம் தருகிறேன் என்கிறார். விதி 89-இன்படி, ஏல அறிவிப்பில் உள்ள கடன் தொகையோடு ஏலத் தொகையில் 5 சதவீதம் சேர்த்து, ஏலம் நடந்த 60 நாளுக்குள் கட்டினால் விற்பனை ரத்தாகும். ஆனால் 90 மனுவை வாபஸ் வாங்கினால்தான் 89 மனு போட முடியும். அங்கேதான் சிக்கி நிற்கிறோம். வயல் போனால் அப்பா தாங்கமாட்டார். கெடு முடிய மூன்று வாரம்கூட இல்லை.

திருநெல்வேலி, தென்காசிப் பக்கக் கோர்ட்டுகளில் இதைப் பார்த்த வக்கீல்கள், அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்: 90-ஐ வாபஸ் வாங்கிப் பணத்தைக் கட்டிவிடுவதா, 90-இலேயே நிற்பதா?