சனிக்கிழமை சானி பாஸ் டூர், மாமனார் மாமியாரோடு. ஸ்வெட்டர் போதுமா? (அவசரம்)

அம்லாங்கா புதுவரவு:
எல்லோருக்கும் வணக்கம். நாங்கள் டர்பன் வந்து மூன்று மாதம்தான் ஆகிறது. இந்தச் சனிக்கிழமை டிராக்கன்ஸ்பர்க் மலையில் சானி பாஸ் என்ற கணவாய்ப் பாதையில் ஏறும் ஒரு நாள் டூருக்கு ஐந்து பேருக்குப் பணம் கட்டிவிட்டோம். விடியற்காலை ஐந்தரைக்கு வண்டி வாசலுக்கு வரும், ராத்திரி ஏழுக்குள் கொண்டுவந்து விட்டுவிடுவார்களாம். இப்போது போய் வானிலை பார்த்தால் மைனஸ் காட்டுகிறது. எங்களிடம் இருப்பது ஊட்டிக்கு வாங்கின ஸ்வெட்டர்தான், அது போதுமா? பையன் வேறு பனிப்பாறை பார்க்கப் போகிறோம் என்று அபார்ட்மென்ட் முழுக்கச் சொல்லிவிட்டான். மாமியாருக்கு வண்டியில் தலை சுற்றும். இன்று புதன். நாளை மாலைக்குள் சொல்லாவிட்டால் பணம் திரும்பக் கிடைக்காது. போய்வந்தவர்கள் யாராவது உடனே சொல்லுங்கள், ப்ளீஸ்.

பைன்டவுன்காரன்:
ஊட்டி ஸ்வெட்டர் பத்தாது. தொட்டபெட்டாவே 2,637 மீட்டர்தான், சானி உச்சி ஏறக்குறைய 2,870. அதோடு மேலே மரமே கிடையாது, காற்றைத் தடுக்க ஒன்றும் இல்லை. ஸ்வெட்டருக்கு மேல் காற்று புகாத ஜாக்கெட், காது மூடும் குல்லா, உள்ளே ஒரு தெர்மல். ஆனால் ஒன்று கேட்கிறேன், ஐந்து பேருக்கு டூர் எதற்கு? தலைக்கு இவ்வளவு என்று வாங்குவான். உங்கள் வண்டியிலேயே போங்கள். மலையடிவாரத்து ஊரான அண்டர்பர்க் வரை அருமையான தார் ரோடு, இரண்டரை மணி நேரம். நான் எத்தனையோ முறை போயிருக்கிறேன்.

ஜோபர்க் பழைய ஆள்:
குளிர் பற்றிக் கேட்டதால் சொல்கிறேன் தங்கச்சி, மலைக்குளிர் ஒரு நாள்தான், வீட்டுக்குளிருக்கு என்ன செய்திருக்கிறீர்கள்? நான் வந்தது ஒரு ஜூன் மாதம், ஆப்பிரிக்கா என்றால் வெயில் என்று நம்பி நான்கு அரைக்கை சட்டையோடு இறங்கினேன், வெளியே பகலில் பதினெட்டு டிகிரி, வீட்டுக்குள் அதைவிடக் குளிர், தரை முழுக்க டைல்ஸ், ஜன்னல் இடுக்கில் காற்று, ஹீட்டர் வாங்கலாம் என்றால் வங்கிக் கணக்கு இல்லை, கணக்குக்கு முகவரிச் சான்று வேண்டும், முகவரிச் சான்றுக்குக் கரண்ட் பில் வேண்டும், கரண்ட் பில் வீட்டுக்காரர் பெயரில். ஆறு வாரம் லுங்கிக்கு மேல் லுங்கி கட்டித் தூங்கினேன். முதலில் எலக்ட்ரிக் போர்வை வாங்குங்கள். மலை எங்கும் ஓடிப்போகாது.

அம்லாங்கா புதுவரவு:
அண்ணா, டர்பனில் அவ்வளவு குளிர் இல்லை. சனிக்கிழமைக்குத்தான் கேட்கிறேன் 😟

சாட்ஸ்வொர்த் நாலாம் தலைமுறை:
என் தமிழைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது, பள்ளியில் சனிக்கிழமை மட்டும் படித்தது. பிள்ளையிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள், பெர்க்கில், அதாவது டிராக்கன்ஸ்பர்க்கில், பனிப்பாறை இல்லை. குளிர்காலத்தில் சில நாள் பனி விழும், இரண்டு நாளில் உருகிப்போகும், சில வருஷம் ஒன்றும் இராது. ஆப்பிரிக்காவிலேயே பனிப்பாறை இருக்கிறது கிளிமஞ்சாரோ, கென்யா மலை, ரூவன்சோரி மூன்றிடத்தில்தான், அதுவும் தேய்ந்துகொண்டே வருகிறது. இங்கே பார்க்க வேண்டியது பாறைதான். அந்தக் கறுப்புப் பாறை எல்லாம் எரிமலைக் குழம்பு உறைந்தது. ஜூலு மொழியில் இந்த மலைக்கு உகஹ்லாம்பா என்று பெயர், ஈட்டிகளை வரிசையாக நட்ட வேலி என்று அர்த்தம், பார்த்தால் அப்படித்தான் இருக்கும். அப்புறம் பாட்காஸ் கட்டிக்கொண்டு போங்கள். வழிச்சாப்பாட்டுக்கு இங்கே அதுதான் பெயர். எங்கள் வீட்டில் ரொட்டி ரோல், பெரியவர்களுக்கு எலுமிச்சை சாதம். மேலே விடுதியில் சாப்பாடு கிடைக்கும், சைவம் வேண்டுமென்றால் டூர்காரரிடம் முன்னாலேயே சொல்லிவைக்க வேண்டும்.

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
பைன்டவுன்காரரே, பாதிதான் சொல்கிறீர்கள். அண்டர்பர்க் வரை எந்தக் காரும் போகும். தென்னாப்பிரிக்கச் சோதனைச்சாவடிக்கு மேலே இருக்கும் எட்டு கிலோமீட்டருக்கு நான்கு சக்கர இழுவை வண்டி மட்டும்தான், மற்றதைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். கொண்டை ஊசி வளைவு, உருளைக்கல், நிழல் படும் இடத்தில் ஐஸ். புதிதாக வந்தவர்களை அங்கே ஓட்டச் சொல்லாதீர்கள்.

புதுவரவு அம்மா, நீங்கள் கேட்காததைக் கேட்கிறேன். சானி உச்சி லெசோத்தோ, அது தனி நாடு. கீழே தென்னாப்பிரிக்கா எக்ஸிட் ஸ்டாம்ப் போடும், மேலே லெசோத்தோ என்ட்ரி ஸ்டாம்ப் போடும். யார் யார் போகிறீர்கள், யாருக்கு எந்த விசா, பெரியவர்களுக்கு வயது என்ன, பிபி, இதயம் ஏதாவது உண்டா, பையனுக்கு எத்தனை வயது?

பைன்டவுன்காரன்:
நான் போனது ஃபார்ச்சூனரில். எல்லோரிடமும் அது இருக்காது என்பது சரிதான்.

கேப் டவுன் மாமி:
குழந்தே, மலை ஏறினால் மூச்சு வாங்கும், டாக்டரிடம் கேட்டு இரண்டு நாள் முன்பே மாத்திரை ஆரம்பித்துவிடு. எங்கள் ஆத்துக்காரர் பெருவுக்குப் போனபோது அப்படித்தான் செய்தார்.

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
மாமி, இது பெரு இல்லை. போய் இரண்டு மணி நேரம் இருந்துவிட்டு இறங்கப்போகிறார்கள். நல்ல உடம்புக்காரர்களுக்கு லேசாகத் தலை வலிக்கும், தண்ணீர் குடித்து மெதுவாக நடந்தால் போதும். தானாக மாத்திரை ஆரம்பிக்க வேண்டாம். இதய நோய் உள்ளவர்கள் மட்டும் தங்கள் டாக்டரிடம் கேட்டே ஆக வேண்டும்.

அம்லாங்கா புதுவரவு:
மன்னிக்கணும், பதற்றத்தில் இதையெல்லாம் எழுத விட்டுப்போயிற்று. நான், கணவர், ஆறு வயதுப் பையன், மாமனார் (71), மாமியார் (66). எங்கள் மூவருக்கும் வேலை விசாவும் அதைச் சார்ந்த விசாவும். மாமனாருக்கு நான்கு வருஷத்துக்கு முன் ஸ்டென்ட் வைத்தது. அவர்கள் விசிட் விசாவில் வந்திருக்கிறார்கள், ஆகஸ்டில் ரிட்டர்ன் டிக்கெட். ஸ்டிக்கரில் எண்ட்ரீஸ் என்ற இடத்தில் சிங்கிள் என்று இருக்கிறது. ஆனால் அன்றே திரும்பிவிடுவோமே, அதற்கும் விசா பார்ப்பார்களா?

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
இதைத்தான் முதல் வரியில் எழுதியிருக்க வேண்டும் அம்மா.

பைன்டவுன்காரன்:
ஒன்றும் ஆகாது. 2016-இல் நாங்கள் போனபோது அந்த ஆபீசர் பாஸ்போர்ட்டைத் திறக்கவே இல்லை, கையைக் காட்டி அனுப்பிவிட்டார். டூர் வண்டி என்றால் கண்டுகொள்ள மாட்டார்கள்.

பீட்டர்மாரிட்ஸ்பர்க் தனிக்கட்டை:
கண்டுகொள்ளாமல் விட்டால்தான் அண்ணா வம்பு. ஸ்டாம்ப் இல்லாமல் லெசோத்தோவில் நின்றால் அங்கே சட்டவிரோதம், ஸ்டாம்ப் வாங்கிக்கொண்டு நின்றால் சிங்கிள் எண்ட்ரி அன்றோடு முடிந்தது. ஒரு நாளா ஒரு மணி நேரமா என்பது கணக்கே இல்லை, வெளியே போனால் போனதுதான். மலை உச்சியில் வயதானவர்களை வைத்துக்கொண்டு ஆபீசரிடம் கெஞ்சுவதா? லெசோத்தோவுக்குள் போக இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு விசா வேண்டுமா என்பதையும் அவர்கள் தூதரகத்திலேயே கேளுங்கள், எங்கள் யார் பேச்சையும் நம்பாதீர்கள், டூர்காரர் பேச்சையும்.

வழியில் மாரிட்ஸ்பர்க் ரயில் நிலையத்தை மட்டும் பார்த்துவிடுங்கள். 1893 ஜூன் 7 ராத்திரி காந்தியை இறக்கிவிட்ட நடைமேடை. இங்கே முதல் மூன்று மாதம் எனக்குப் பேச ஆள் கிடையாது, ஞாயிற்றுக்கிழமை அந்தப் பெஞ்சில் போய் உட்கார்ந்திருப்பேன். அவரும் இங்கே இப்படித்தான் குளிரில் உட்கார்ந்திருந்தார் என்று நினைத்தால் கொஞ்சம் ஆறுதல்.

ஜோபர்க் பழைய ஆள்:
விசா பேச்சை எடுத்தீர்களே. என் விசா புதுப்பிக்கக் கொடுத்து ஒன்பது மாதம், அந்த ஒன்பது மாதமும் ஊருக்குப் போக முடியாமல் தங்கை கல்யாணத்தை வீடியோவில் பார்த்தேன், அதையும் பாதியில் கரண்ட் போய்.

சாட்ஸ்வொர்த் நாலாம் தலைமுறை:
தினமும் கரண்ட் வெட்டின 2023-ஐச் சொல்கிறீர்களா? நாங்கள் மெழுகுவத்தியில் கார்த்திகை தீபம் ஏற்றிவிட்டோம், தனியாக விளக்கே வேண்டியிருக்கவில்லை 😂

பைன்டவுன்காரன்:
கரண்டை விடுங்கள், தண்ணீர்? எங்கள் தெருவில் மூன்று நாளாக டாங்கர் வருகிறது. கேட்டால் ஜஸ்ட் நவ் சரியாகிவிடும் என்கிறார்கள். இந்த ஊரில் ஜஸ்ட் நவ் என்றால் இப்போது இல்லை என்று அர்த்தம், அது தெரியவே எனக்கு ஒரு வருஷம் ஆனது.

ஜோபர்க் பழைய ஆள்:
டர்பன்–ஜோபர்க் நெடுஞ்சாலை, அந்த என்-3 ரோட்டை மறந்துவிட்டீர்களே. டவுன் ஹில்லில் ஒரு லாரி படுத்தால் நாள் போச்சு.

கேப் டவுன் மாமி:
இங்கே தண்ணீர் கரண்ட் எல்லாம் சரியாக இருக்கிறது, ஆனால் நல்ல முருங்கைக்காய் கிடையாது. எது பரவாயில்லை சொல்லுங்கள்.

அம்லாங்கா புதுவரவு:
மாமனார் இதையெல்லாம் என் தோளுக்கு மேலிருந்து படித்துவிட்டு, நீங்கள் மூன்று பேரும் போங்கள், நாங்கள் வீட்டிலேயே இருக்கிறோம் என்கிறார். அவரைக் கூட்டிப் போகத்தான் இந்த டூரே. அவர்களைக் கீழே அடிவாரத்து ஊரான ஹிம்வில்லில் விட்டுவிட்டு நாங்கள் மட்டும் ஏறி இறங்கினால்? அல்லது நான் அவர்களோடு இருந்துவிட்டுக் கணவரும் பையனும் மட்டும் போனால்?

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
கணவர் தனியாகப் பையனோடு எல்லை தாண்டினால், பையனின் பிறப்புச் சான்றிதழும் நீங்கள் கையெழுத்திட்ட சம்மதக் கடிதமும் கையில் இருப்பது நல்லது. குழந்தைகள் விஷயத்தில் இங்கே கடுமையாக இருப்பார்கள், 2015-இல் அந்த விதி வந்தபோது விமான நிலையத்திலேயே பலரைத் திருப்பி அனுப்பினார்கள், பிறகு கொஞ்சம் தளர்த்தினார்கள். நாளை ஒரே நாளில் இத்தனையும் தயார் செய்ய முடியுமா பாருங்கள். அப்புறம் ஜூலைக் குளிரில் பெரியவர்களை ஒரு சின்ன ஊரில் ஐந்து மணி நேரம் உட்காரவைப்பது எனக்குப் பிடிக்கவில்லை.

எல்லை தாண்டாமல் அதே மலையைப் பார்க்கலாம். ஜயன்ட்ஸ் காசில் என்று டிராக்கன்ஸ்பர்க்கிலேயே ஒரு காப்பகம். மூயி ரிவர் ஊர் வழியாக டர்பனிலிருந்து மூன்று மணி நேரம். கேம்ப் இருப்பது 1,760 மீட்டர் வாக்கில், ஊட்டியைவிடக் கீழே, ஸ்டென்ட் வைத்தவருக்கும் அதுவே நல்லது. அங்கிருந்து முக்கால் மணி நடந்தால் மெயின் கேவ்ஸ் என்ற குகைகள், இந்த மண்ணின் ஆதிக்குடிகளான சான் மக்கள் வரைந்த ஓவியங்கள், வழிகாட்டி கூட்டிப்போய் விளக்குவார். மாமனாரால் நடக்க முடியாவிட்டாலும் கேம்ப் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தால் எதிரே முழு மலைச்சுவரும் தெரியும். டூர்காரரைக் கூப்பிட்டு, கேன்சல் என்று சொல்லாமல், அதே நாள், அதே வண்டி, இடத்தை மட்டும் மாற்ற முடியுமா என்று கேளுங்கள். குளிர்காலத்தில் பனி விழுந்து பாஸை மூடினால் அவர்களே இப்படி மாற்றுவது வழக்கம்தான்.

சாட்ஸ்வொர்த் நாலாம் தலைமுறை:
இது நல்ல யோசனை. மலைப்பகுதி முழுக்க அப்படி ஓவியம் 35,000-க்கு மேல் இருக்கிறது, யுனெஸ்கோ 2000-இல் உலகப் பாரம்பரியம் என்று அறிவித்ததற்கு அதுவும் ஒரு காரணம். பிள்ளைக்கு ஈலண்டைக் காட்டுங்கள், எருமை அளவுக்கு இருக்கும் மான். அந்த மானைக் காப்பாற்றத்தான் 1903-இல் அந்த இடத்தையே ஒதுக்கினார்கள். தாடிக் கழுகு பறந்தால் உங்கள் அதிர்ஷ்டம்.

பைன்டவுன்காரன்:
அங்கே எந்தக் காரும் போகும். டூரே தேவையில்லை.

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
மூன்று மாதம் முன்பு வந்தவர்கள், ஐந்து பேர், இருட்டு விழுந்த பிறகு என்-3-இல் திரும்ப வேண்டும். ஏற்கெனவே பணமும் கட்டியாயிற்று. வண்டியோட்டி இருக்கட்டும் சார்.

அம்லாங்கா புதுவரவு:
பேசிவிட்டேன்! மாற்றித் தருகிறார்கள், பார்க் நுழைவுக் கட்டணமும் குகைக் கட்டணமும் மட்டும் நாங்கள் அங்கே கொடுக்க வேண்டும். மாமனாரின் டாக்டருக்கும் ஊருக்குப் போன் போட்டோம், அந்த உயரம் பரவாயில்லை, வேகமாக ஏற வேண்டாம் என்றார். சானிக்கு எங்கள் பேப்பர் எல்லாம் சரிபார்த்துவிட்டு செப்டம்பரில் நாங்கள் மூவரும் போகிறோம். பையன் பனிப்பாறை இல்லை என்றதும் அழுதான், எருமை மான் என்றதும் நிறுத்திவிட்டான். மாமியாருக்கு ஒரே கேள்விதான்: அங்கே பாத்ரூம் இருக்கிறதா?

மிட்லேண்ட்ஸ் நர்ஸ்:
கேம்பில் இருக்கிறது. குகைக்குக் கிளம்பும் முன் அங்கேயே போய்விடச் சொல்லுங்கள். மூயி ரிவரிலும் வண்டியை ஒரு முறை நிறுத்தச் சொல்லுங்கள், அவருக்கு முன் சீட்டைக் கொடுங்கள், தலைசுற்றல் பாதி குறையும். ஸ்வெட்டர் அங்கே போதும், குல்லா மட்டும் வாங்குங்கள்.