டெலிகிராமில் வரும் டிரைவ் லிங்க்கில் சீரியல் பார்ப்பது ஆபத்தா?

ஈசூன்வாசி: அம்மாவை யாரோ ஒரு டெலிகிராம் குழுவில் சேர்த்துவிட்டார்கள். சென்னை சீரியல்கள் அன்றன்றே கூகல் டிரைவ் லிங்க்காக வந்துவிடும். இப்போது "கோட்டா முடிந்தது, இந்த ஆப்பைப் போடுங்கள்" என்று ஒரு ஏபிகே (பிளே ஸ்டோருக்கு வெளியே ஆண்ட்ராய்டு ஆப் நிறுவும் கோப்பு) அனுப்புகிறார்கள். சிங்பாஸ் (சிங்கப்பூர் அரசுச் சேவைகளுக்கான அடையாளக் கணக்கு), பேங்க் எல்லாம் அதே போனில்தான். பார்ப்பதற்குக்கூட போலீஸ் பிடிக்குமா?

செங்காங் சிவா: போலீஸை விடுங்க, முதலில் அந்த ஏபிகேயைத் தொட வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லுங்க. கோட்டா செய்தி உண்மையாகவே இருக்கலாம், ஒரே கோப்பை நிறைய பேர் திறந்தால் கூகல் அதைக் கொஞ்ச நேரம் பூட்டிவிடும். ஆனால் அதற்காக ஆப் போடு என்று கூகல் ஒருநாளும் சொல்லாது. எஸ்எம்எஸ் படிக்கவும் திரையை இயக்கவும் அனுமதி வாங்கிக்கொண்டு பேங்க் பணத்தைத் துடைத்தெடுக்கும் ஏபிகேக்கள் 2023இல் இங்கே எவ்வளவு பேரைப் பதம் பார்த்தன! இதனால்தான் 2024 பிப்ரவரியில் இவற்றைத் தடுக்கும் பிளே புரொடெக்ட் வசதியைக் கூகல் முதலில் சிங்கப்பூரில் சோதித்தது. அதை அணைக்கச் சொல்கிறான் என்றால் திருடன்தான், வேறு யோசனையே வேண்டாம்.

பழைய டோரண்ட்காரன்: சட்டத்துக்கு வருவோம். சிங்கப்பூரின் 2021 பதிப்புரிமைச் சட்டம் முக்கியமாகக் குறிவைப்பது திருட்டு ஒளிபரப்புப் பெட்டிகளை விற்பவர்களை, 100,000 வெள்ளி வரை அபராதம், ஐந்தாண்டு வரை சிறை. 2022 அக்டோபரில் சிம் லிம் ஸ்குவேர் மின்னணுக் கடைத்தொகுதியில் அத்தகைய ஆண்ட்ராய்டு பெட்டிக் கடைகளில் சோதனை போட்டு 17 பேரை விசாரித்தார்கள். 2015இல் ஒரு ஹாலிவுட் படத்துக்காக இங்கே 500க்கும் மேற்பட்டோருக்கு வக்கீல் கடிதம் போனது, ஆனால் அது டோரண்ட். டோரண்ட்டில் நாம் இறக்கும்போதே மற்றவர்களுக்கும் ஏற்றுகிறோம், ஐபி முகவரி எல்லாருக்கும் தெரியும். டிரைவில் பார்த்தால் அப்படி இல்லை. அதற்காக அது சட்டப்படி சரி என்று சொல்லவில்லை. அம்மா அதைத் தன் டிரைவில் நகலெடுத்து தோழிகளுக்கு லிங்க் அனுப்பினால் விநியோகிப்பவர் அவராகிவிடுவார், கணக்கை கூகல் முடக்கினால் பேரப்பிள்ளைகள் படமும் சேர்ந்து போகும்.

ஈசூன்வாசி: இப்போதுதான் கேட்டேன். நேற்றே போட்டுவிட்டாராம்.

செங்காங் சிவா: உடனே ஏர்பிளேன் மோட், வைஃபையும் சேர்த்து அணைங்க. வேறு போனிலிருந்து பேங்க்கைக் கூப்பிட்டுக் கணக்கை முடக்கச் சொல்லுங்க. சந்தேகம் இருந்தால் 1799, மோசடி உதவி எண். சிங்பாஸ் பாஸ்வேர்டையும் வேறு கருவியிலிருந்து மாற்றிவிட்டு, அப்புறம் போனை ஃபேக்டரி ரீசெட் பண்ணுங்க.

தெம்பனீஸ் அக்கா: தம்பி, அம்மாவைத் திட்டாதீங்க. சன் நெக்ஸ்ட்டுக்குச் சந்தா கட்டிக்கொடுங்க, நம்ம வசந்தம் தமிழ் சேனல் நாடகமெல்லாம் மீவாட்ச் ஆப்பில் இலவசம்.