பூட்டிய கதவில் ஒட்டப்படும் இடிப்பு நோட்டீஸ்

மதிப்பிற்குரிய உறுப்பினர்களுக்கு வணக்கம்.

ஊரில் வீட்டைப் பூட்டிவிட்டு வெளிநாட்டுக்கு வந்திருக்கும் நம்மில் பலர், இடிப்பு நோட்டீஸ் வந்தால் நீதிமன்றத்தில் தடை வாங்கிக்கொள்ளலாம் என்று பேசிக்கொள்வதைக் கேட்கிறேன். அந்த நம்பிக்கையில் பாதிதான் சரி. நீதிமன்றம் காப்பது நமக்கு உரிய விசாரணையையும் அவகாசத்தையும். அனுமதியின்றி எழுப்பிய சுவரை அன்று.

2024 நவம்பர் 13 அன்று நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விஸ்வநாதன் அமர்வு அளித்த தீர்ப்பில், நாடு முழுமைக்கும் பொருந்தும் இடிப்பு நடைமுறையை உச்ச நீதிமன்றம் வகுத்தது. முன்கூட்டியே காரணம் கேட்கும் நோட்டீஸ் இல்லாமல் எந்தக் கட்டடத்தையும் இடிக்கக் கூடாது. அந்த நோட்டீஸ் பதிவுத் தபாலில் உரிமையாளருக்கு அனுப்பப்படுவதோடு கட்டடத்தின் வெளிப்புறத்திலும் ஒட்டப்பட வேண்டும். பதில் சொல்ல உள்ளாட்சிச் சட்டம் தரும் கெடு அல்லது 15 நாள், இவற்றுள் எது பிந்தியதோ அதுவரை அவகாசம் உண்டு. முன்தேதியிட்டு நோட்டீஸ் தயாரிக்கும் பழக்கத்தைத் தடுக்க, நோட்டீஸ் சேர்ந்ததும் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்கு மின்னஞ்சலில் தகவல் போக வேண்டும் என்றும் நீதிமன்றம் கூறியது. எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான்; அலுவலக வழக்கங்களை நன்கு அறிந்தவர்களே இதை எழுதியிருக்க முடியும். நேரில் விசாரித்த பிறகு வரும் இறுதி ஆணையில், மீறலை வரன்முறைப்படுத்தி, அதாவது சட்டப்படி ஏற்று, விட்டுவிட முடியுமா, ஒரு பகுதியை மட்டும் அகற்றினால் போதாதா, இடிப்பதைத் தவிர வேறு வழி ஏன் இல்லை என்பவற்றுக்கெல்லாம் காரணம் இருக்க வேண்டும். அந்த ஆணைக்குப் பிறகும், நாமே அகற்றிக்கொள்ள 15 நாள் தரப்பட வேண்டும். இவற்றை மீறி இடித்த அதிகாரி, தம் சொந்தப் பணத்தில் இழப்பை ஈடுசெய்ய நேரிடும்.

இந்தப் பாதுகாப்பு எல்லா இடத்துக்கும் இல்லை என்பதை யாரும் மறக்க வேண்டாம். சாலை, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு, ஏரி, கண்மாய் போன்ற பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்ன கட்டடங்களுக்கும் மேற்சொன்ன நெறிகள் பொருந்தா. ஓடைப் புறம்போக்கில் சுற்றுச்சுவரை நீட்டி வைத்திருப்பவர்கள் இந்தத் தீர்ப்பை நம்பி இருந்துவிடக் கூடாது. இன்னொன்றும் உண்டு: 2024 டிசம்பர் 17 அன்று நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு அளித்த வேறொரு தீர்ப்பு, காலம் கடந்துவிட்டது, பெரும் பணம் போட்டாயிற்று, அதிகாரிகள் பார்த்துக்கொண்டுதானே இருந்தார்கள் என்ற வாதங்களால் விதிமீறல் சட்டபூர்வமாகாது என்று தெளிவாகச் சொன்னது. "கட்டி முடிச்சுட்டா எவன் வந்து இடிக்கப் போறான்" என்று கொத்தனார் சொல்லும் ஆறுதலுக்கு நீதிமன்றத்தில் மதிப்பில்லை.

தமிழ்நாட்டில் 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 56, 57 பிரிவுகளின் கீழ் வரும் நடவடிக்கைகளுக்கு எதிராக, 80-ஏ பிரிவின்படி அரசிடம் சீராய்வு, அதாவது ஆணையை மறுபடி ஆராய்ந்து பார்க்கும்படி, கோரலாம். நோட்டீசே தராமல் இடிக்க வந்தாலோ விசாரணையின்றி ஆணையிட்டாலோ, அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில், நம் தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளையில், ரிட் மனு (அரசு அதிகாரிகளுக்கு நீதிமன்றம் ஆணையிடக் கோரும் மனு) தாக்கல் செய்யலாம். சீராய்வு என்ற வழி இருக்கும்போது நேராக இங்கு ஏன் வந்தீர்கள் என்று நீதிமன்றம் கேட்கும்; பல வழக்குகளில், சீராய்வு முடியும்வரை தற்போதைய நிலை தொடரட்டும் என்ற அளவிலேயே நிவாரணம் கிடைக்கிறது.

நமக்குச் சிக்கல் சட்டத்தில் இல்லை, தூரத்தில் இருக்கிறது. என் அனுபவத்தையே சொல்கிறேன். அப்பா கட்டிய வீட்டின் போர்ட்டிகோ, அனுமதி வரைபடத்தில் காட்டிய பக்கவாட்டு இடைவெளியை ஏறத்தாழ முழுவதும் விழுங்கியிருந்தது. நோட்டீசை இரும்புக் கேட்டில் ஒட்டிய மூன்றாம் நாள் மழை. பக்கத்து வீட்டுத் தம்பி வாட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தில் மேல் பாதியைத்தான் படிக்க முடிந்தது. விசாரணைத் தேதி இருந்த கீழ்ப்பாதி பசையோடு கிழிந்து தொங்கியது. பதிவுத் தபாலோ "கதவு பூட்டியுள்ளது" என்ற குறிப்போடு திரும்பிவிட்டது. அப்படித் திரும்பிய தபாலைச் சேர்ந்ததாகவே கருதும் வாய்ப்பு உண்டு என்பதை வழக்கறிஞர் சொல்லித்தான் அறிந்தேன். வழக்கறிஞரை அமர்த்தும் வக்காலத்தில் கையெழுத்திட ஊரில் ஆள் இல்லை. இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்ற அதிகாரப் பத்திரம் (பவர் ஆஃப் அட்டர்னி) ஊர் போய்ச் சேரவே ஒன்பது நாள் ஆயிற்று. அப்படி வெளிநாட்டில் எழுதிய பத்திரத்துக்கு, இந்தியாவுக்குள் வந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும் என்பதையும் கவனத்தில் வையுங்கள். நம்பகமான ஒருவர் பெயரில் அந்தப் பத்திரத்தையும், அனுமதி வரைபடத்தின் நகலையும், வீட்டு வரி ரசீதுகளையும் இப்போதே ஊரில் வைத்துவிடுவது நல்லது. வரி ரசீது கட்டட அனுமதி ஆகாது. இருந்தாலும் கட்டடத்தின் வயதைக் காட்ட உதவும்.

கடைசியில் எங்களுக்குத் தடையாணை கிடைத்தது, விசாரணையும் நடந்தது. வீடு தப்பியது, போர்ட்டிகோ தப்பவில்லை. இயந்திரம் வந்தால் முன்சுவரிலும் விரிசல் விழும் என்பதால், கெடு முடிவதற்குள் எங்கள் கொத்தனாரை வைத்தே நான்கு நாளில் கையால் உடைத்து எடுத்தோம். அப்பா தேக்கில் செய்து வைத்த முன்கதவு இப்போது வெயிலில் நிற்கிறது. அதற்குத் தகர நிழற்கூரை போடவும் அந்த இடைவெளியில் அனுமதி இல்லை என்று எழுத்து மூலமாகவே பதில் வந்திருக்கிறது.