வாதி வராமல் கேஸ் டிஸ்மிஸ்: புதுசா போடுவதா, பழையதை எடுப்பதா?

வரப்போரம்:
கேரளத்தின் பாலக்காடு மாவட்டம், கொழிஞ்சாம்பாறைப் பக்கம் வரப்புத் தகராறு. அப்பா வாதி. சித்தூர் முன்சீப் கோர்ட்டில் நிரந்தரத் தடை கேட்ட கேஸ்; இடைக்காலத் தடையும் இருந்தது. ஜூன் 4 வாய்தா அன்று அப்பா கோவையில் ஆஸ்பத்திரியில். கேஸ் கூப்பிட்டபோது வக்கீலும் இல்லை. அன்றே டிஸ்மிஸ். இன்று ஜூலை 20. புதுக் கேஸ் போடுவதுதான் சுலபம் என்கிறார்கள். எதிராளி வேலிக்கல் நடுகிறார். என்ன செய்யலாம்ங்க?

கச்சேரிவீதி:
முதலில் ஜூன் 4 உத்தரவின் வாசகத்தைப் பாருங்க. எல்லாம் அதில்தான் இருக்கிறது. இரு தரப்பும் வரவில்லை என்றிருந்தால் சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 9 ரூல் 3. காலக்கெடு தாண்டாவிட்டால் புதுக் கேஸ் போடலாம். பிரதிவாதியோ அவர் வக்கீலோ ஆஜர் என்றிருந்தால் ரூல் 8. அப்போது அதே வழக்குமூலத்தில் (கேஸுக்குக் காரணமான அதே நிகழ்வில்) புதுக் கேஸ் போட ரூல் 9 விடாது. டிஸ்மிஸை ரத்து செய்யக் கேட்பதுதான் வழி. "சுலபம்" என்றவர் இதைப் பார்த்திருக்க மாட்டார்.

அப்படி ரத்து கேட்கக் கெடு, டிஸ்மிஸ் ஆன நாளிலிருந்து 30 நாள் (லிமிடேஷன் சட்டம், அதாவது காலவரம்புச் சட்டம், ஆர்ட்டிகிள் 122). ஜூன் 4-ஐ விட்டு எண்ணினால் ஜூலை 4-ல் முடிந்தது. இன்றைக்கு 16 நாள் தாமதம். அப்பீலில் கழிப்பதுபோல் நகல் வாங்கிய நாள்களை இதில் கழிக்க முடியாது. ஆகவே இரண்டு பெட்டிஷன்: அதே சட்டத்தின் செக்‌ஷன் 5-ல் தாமதத்தை மன்னிக்க ஒன்று, கேஸை மீட்க ஒன்று. இரண்டுக்கும் தனித்தனி அபிடவிட் (சத்தியம் செய்து தரும் எழுத்து வாக்குமூலம்). பலர் சறுக்குவது இங்கேதான்: ஜூன் 4 அன்று ஏன் வரவில்லை என்பது ஒரு காரணம், ஜூலை 4-க்குள் ஏன் போடவில்லை என்பது வேறு காரணம். "உடம்பு சரியில்லை" என்று ஒரே வரியை இரண்டிலும் எழுதினால் எதிர்த்தரப்பு அதையே பிடிக்கும். அட்மிட், டிஸ்சார்ஜ் தேதியுள்ள டிஸ்சார்ஜ் சம்மரி வையுங்க. பின்னால் வாங்கிய வெறும் சர்டிபிகேட்டுக்கு எடை குறைவு. வக்கீல் ஏன் இல்லை என்பதையும் சொல்லணும்.

அபிடவிட் மலையாளத்திலோ இங்கிலீஷிலோ இருந்தால், அப்பாவுக்குத் தமிழில் வாசித்து விளக்கியதாக அட்டெஸ்ட் செய்பவர் எழுதட்டும்.

பாலக்காட்டுப்புழை:
மேலே சொன்னது சரி. தடை பற்றி ஒன்று. கேஸ் மீண்டால் இடைக்காலத் தடையும் உயிர்பெறும், மீட்கும் உத்தரவு வேறுவிதமாகச் சொல்லாதவரை. கேரளத்திலிருந்து போன வழக்கிலேயே 2004-ல் உச்ச நீதிமன்றம் இப்படிச் சொன்னது. ஆனால் இப்போது தடை இல்லை. இந்த இடைவெளியில் நட்ட கல்லுக்குத் தடையை மீறியதாக நடவடிக்கை கேட்க முடியாது. தேதியோடு போட்டோ எடுங்க, பெட்டிஷனை அவசரமாக எடுக்கக் கேளுங்க. டிஸ்மிஸுக்குப் பிறகு நட்ட கல்லைப் புது வழக்குமூலம் என்று சொல்லித் தனிக் கேஸ் போட இடமுண்டு. ஆனால் புதுக் கேஸ் கூடாது என்ற ரூல் 9 வாதத்தை எதிராளி கட்டாயம் கிளப்புவார். அதே கேஸில் அவர் உங்கள் மேல் எதிர்க்கோரிக்கை (கவுண்டர் கிளெய்ம்) போட்டிருக்கிறாரா என்றும் பாருங்க, உங்கள் கேஸ் போனாலும் அது நடக்கும்.

வரப்போரம்:
நன்றிங்க. உத்தரவில் "பிரதிவாதி வக்கீல் ஆஜர்" என்றே இருக்கிறது. பெட்டிஷனைத் தள்ளினால் அப்பீல் உண்டா?

கச்சேரிவீதி:
அப்போ ரூல் 8தான். டிஸ்மிஸ் உத்தரவுக்கே அப்பீல் இல்லை, அது டிக்ரி (உரிமையை முடிவு செய்யும் தீர்ப்பாணை) ஆகாது. ரூல் 9 பெட்டிஷனைத் தள்ளினால் ஆர்டர் 43 ரூல் 1(சி)-யில் அப்பீல் உண்டு. ஏற்றால் பெரும்பாலும் எதிராளிக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்வார்கள். அதைக் கட்டச் சொன்ன தேதியைத் தவறவிட்டால் பெட்டிஷனே போய்விடும்.