புதுப்பிப்பு: போட்டி ரயில் நிறுவனத்தை வாங்கிய விதம்
1998இல் வெளிவந்த ரெயில்ரோடு டைக்கூன் 2 என்ற, ரயில் நிறுவனம் நடத்தும் கணினி விளையாட்டில், நல்ல நகரங்களை முந்திக்கொண்டு இணைத்துவிடும் போட்டி நிறுவனங்களை எப்படி வெல்வது என்று முன்பு கேட்டிருந்தேன்; வழி பங்குச் சந்தையில் கிடைத்தது.

நிறுவனத் தலைவராக ஆடும் நம் சொந்தப் பணமும் நிறுவனத்தின் பணமும் இதில் தனித்தனி என்பதால், பங்குதாரர்களுக்கு நிறுவனம் தரும் ஈவுத்தொகையை உயர்த்தி என் கையிருப்பைப் பெருக்கினேன். பொருளாதார மந்தத்தில் போட்டியாளரின் பங்கு விலை சரிந்ததும், சிறிது சிறிதாக வாங்கிப் பாதிக்கு மேல் சேர்த்துக்கொண்டு, இணைப்புக்கான வாக்கெடுப்பைக் கோரினேன். பெரும்பான்மைப் பங்கு என்னிடமே இருந்ததால் தீர்மானம் நிறைவேறி, அவர்களுடைய தண்டவாளங்களும் ரயில்களும் நிலையங்களும் என் நிறுவனத்துக்கு வந்து சேர்ந்தன. அந்த நிமிடத்தின் மகிழ்ச்சியே தனி!

கடனில் பங்கு வாங்குவோர் மிகவும் கவனமாக இருக்க வேண்டும். இணைப்புத் தொகை நிறுவனத்தின் கையிருப்பிலிருந்தே போவதால், கடன்பத்திரங்களை நல்ல காலத்திலேயே வெளியிட்டுப் பணத்தைத் திரட்டி வையுங்கள்.