யசுகோ கொபயாஷி: எபிசோடு எழுதுறதா, தொடரைக் கட்டுறதா?

கொழிஞ்சாம்பாறை வாசகன்:
வாசகசாலையில ஜப்பான் திரைக்கதை எழுத்தாளர் யசுகோ கொபயாஷி பத்திப் பேசோணுங்க. 2013-ல வந்த 'அட்டாக் ஆன் டைட்டன்' அனிமே (ஜப்பான் அனிமேஷன்) தொடர்ல அவங்க பேரு 'தொடர் அமைப்பு'ன்னு வருது. எபிசோடு திரைக்கதைக்கு வேற பேருகளும் வருது. அப்ப எழுதினது யாருங்க? பசங்களைப் பத்து நிமிஷக் கதை ஒண்ணு அந்த முறையில எழுத வைக்கலாமா?

மீனாட்சிபுரத்தான்:
ரெண்டும் வேற வேலைங்க. மூலக்கதையில எந்தப் பகுதி எந்த எபிசோடுல முடியோணும்னு பிரிச்சு வைக்கிறவர் தொடர் அமைப்பாளர். அந்தத் துண்டை வாங்கித் திரைக்கதை ஆக்குறவர் எபிசோடு எழுத்தாளர். பெறகு 'ஹொன்யோமி'ன்னு ஒரு கூட்டம். இயக்குநர், தயாரிப்பாளர், மூலக்கதையை வெளியிட்ட பதிப்பகத்தார் எல்லாம் உக்காந்து படிப்பாங்க. ரெண்டாம் படி, மூணாம் படின்னு திருத்தித்தான் இறுதிப் படி வரும். டைட்டன் முதல் சீசன்ல கொபயாஷியோட ஹிரோஷி செகோ, நொபோரு தகாகி எழுதினாங்க. மூணு சீசன் வரைக்கும் அமைப்பு கொபயாஷி. 2020-ல தொடங்கின இறுதி சீசனுக்கு அதே செகோ அமைப்பாளர். இதை விடாமச் சொல்லுங்க, அந்தத் தொழிலோட ஏணி இதுல நல்லாத் தெரியும்.

கொல்லங்கோட்டுக்காரி:
டைட்டன்ல இருந்து ஆரம்பிக்காதீங்க தம்பி. அவங்க கை பழகினது நடிகர்கள் நடிக்கிற சாகசத் தொடர்ல. 1993-ல 'ஜான்பர்சன்', 1998-ல 'கிங்காமேன்' முதன்மை எழுத்தாளர், 2007-ல 'டென்-ஓ'. நடுவுல 2002-ல 'ரியூகி', தொஷிகி இனோவேயும் எழுதினார். பதிமூணு பேர் மோதுவாங்க, கடைசியில நிக்கிறவனுக்கு ஒரு வரம். ஒவ்வொருத்தனுக்கும் சண்டைக்கு ஒரு காரணம் வேணும். வாரம் ஒண்ணுன்னு 50 எபிசோடு அந்தக் கணக்கைக் கலங்காமக் கொண்டு போனவங்களுக்கு டைட்டன் கூட்டம் பெரிசில்ல.

எல்லைச்சாவடி:
ஜப்பான் திரைக்கதை முறையில எழுதப் பசங்களுக்கு மூணே சங்கதி போதும். இடமும் நேரமும் சொல்ற வரி, முன்னால வட்டம் போட்டு. கண்ணுக்குத் தெரியுறது, மூணு எழுத்துத் தள்ளி. அப்புறம் பேரும் வசனமும்.

○ வேலந்தாவளம் சாவடி (இரவு)
   லாரி நிக்குது. ராசு தார்ப்பாயைத் தூக்குறான். ஆட்டுக்குட்டி ஒண்ணு எட்டிப் பாக்குது.
ராசு "இது பில்லுல இல்லையே?"

'ராசுவுக்கு மனசு கனத்துப்போச்சு'ன்னு எழுதினா வரையறவர் எதை வரைவார்? தார்ப்பாயைப் பிடிச்ச கை இறங்காம நிக்குதுன்னு எழுதோணும்.

400 எழுத்துத் தாள் ஒண்ணு ஒரு நிமிஷம்ங்கிறது அங்கத்த கணக்கு. அரை மணி அனிமேல தொடக்கப் பாட்டு 90 நொடி, முடிவுப் பாட்டு 90 நொடி போக இருபது நிமிஷச் சொச்சம்தான் கதை. ஆனா தாள் கணக்கைத் தமிழுக்கு எடுக்காதீங்க. அவங்க சித்திர எழுத்து ஒண்ணே முழுச் சொல்லா நிக்கும். போன்ல ஸ்டாப்வாட்ச் போட்டு வாய்விட்டுப் படிக்க வைங்க. ஓட்டம், சண்டை வர்ற இடத்துக்கு மட்டும் நொடியைத் தனியாக் குறிக்கச் சொல்லுங்க. ரெண்டு வரியில எழுதினது திரையில ரெண்டு நிமிஷம் தின்னுரும்.